போன காலின் அளவு

பாட்டுக்காரர் காலைத் திருப்பிக் கொடுக்க வந்திருந்தார்.

சக்கர நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். மடியில் துணிப்பை. பையின் வாய்க்கு வெளியே ஷூ போட்ட செயற்கைப் பாதம் ஒன்று எட்டிப் பார்த்தது. பொருந்தாத சட்டையைக் கடையில் மாற்றிக்கொள்ள வந்த ஆள் போல, கொஞ்சம் கூச்சத்தோடும் நிறைய பிடிவாதத்தோடும் ஆஸ்பத்திரியின் செயற்கைக் கால் பட்டறை வரிசையில் காத்திருந்தார். பின்னால் நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்ற அவருடைய மனைவியின் முகத்தில் மட்டும் கூச்சம் எதுவும் இல்லை. வெறும் கோபம்தான் இருந்தது.

காதுக்காரிக்கு அந்தப் பையைப் பார்த்ததுமே சுருக்கென்றது. பதினோரு வருஷமாகக் கால் பொருத்துகிறாள். அவள் கையால் செய்த கால் ஒன்றுகூட இதுவரை திரும்பி வந்ததில்லை. தேய்ந்து வந்திருக்கிறது, கிணற்றில் விழுந்து நனைந்து வந்திருக்கிறது, நாய் கவ்விப் பல் பதிந்துகூட வந்திருக்கிறது. வேண்டாம் என்று வந்ததில்லை.

அந்தப் பட்டறையில் அவளுக்கு அப்படிப் பெயர் வந்ததற்குக் காரணம் உண்டு. மற்றவர்கள் கால் பொருத்திய ஆளை இரண்டு கம்பிகளுக்கு நடுவே நடக்கவிட்டு, கண்ணாடியில் பார்ப்பார்கள், போனில் படம் எடுப்பார்கள். இவள் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொள்வாள். மரத்தரையில் இரண்டு கால் விழும் சத்தத்தைக் கேட்பாள். ஒன்று மயிரிழை பிந்தினாலும் திருகு முடுக்கும் ஆலன் கீயை எடுத்து அரைச் சுற்றுத் திருகுவாள். இரண்டும் ஒரே இடைவெளியில் விழும்வரை விடமாட்டாள். இந்தக் காது அவளுக்குச் சும்மா வரவில்லை. சின்ன வயதில் அவளுடைய அண்ணன் தாளம் பழகியபோது, தட்டுவதற்குப் பலகை அகப்படாமல் இவள் முதுகில் தட்டித்தான் பழகினான். அண்ணன் பிறகு தாளத்தை விட்டுவிட்டு வாடகைக் கார் ஓட்டப் போய்விட்டான். முதுகு வழியாக ஏறியது மட்டும் இவளிடம் தங்கிவிட்டது.

"என்ன சார், புண்ணாயிடுச்சா?" என்றாள்.

"புண் இல்லம்மா."

"சாக்கெட் உரசுதா?"

"உரசலை."

"பின்ன?"

"பாட்டு வரமாட்டேங்குது."

காதுக்காரி மனைவியைப் பார்த்தாள். மனைவி, இதற்கு என்னைப் பார்க்காதே என்பதுபோல ஜன்னலைப் பார்த்தார்.

"சார், நான் காலுக்குத்தான் ஆளு. பாட்டுக்கு நான் என்ன பண்ணுவேன்?"

"நானும் இதையேதான் நாலு மாசமா சொல்றேன், கேட்டாத்தானே" என்று மனைவி பொரிந்துதள்ளினார். "இவரு உட்கார்ந்து எழுதற ஆளு இல்லம்மா. நடந்துதான் எழுதுவாரு. வாசல்லேர்ந்து அடுப்படி வரைக்கும் பதினோரு அடி. போவாரு, வருவாரு, போவாரு, வருவாரு. சாயங்காலம் பார்த்தா ஒரு பாட்டு முடிஞ்சிருக்கும். இசைக்குழுக்காரங்க அதுக்கு மெட்டுப் போட்டுக்குவாங்க. இப்ப கால் வந்ததுலேர்ந்து போறாரு, வர்றாரு. ஒண்ணும் வரலை."

"வராம இல்ல. வருது. அதைச் சொல்லவே வாய் கூசுது" என்றார் பாட்டுக்காரர்.

பையிலிருந்து காலை எடுத்து, உறையை இழுத்துவிட்டு, முட்டிக்குக் கீழே மிச்சமிருந்த வலது காலை சாக்கெட்டுக்குள் விட்டுக்கொண்டு எழுந்தார். கம்பிகளுக்கு நடுவே போய்த் திரும்பினார். காதுக்காரி வழக்கம்போலச் சுவரைப் பார்த்துக்கொண்டு கேட்டாள். டக், டக், டக், டக். கடிகாரம் தோற்றுவிடும். பதினோரு வருஷத்தில் இவ்வளவு சுத்தமாக நாலைந்து கால்தான் அமைந்திருக்கிறது.

"பிசிறே இல்லையே சார்!"

"அதாம்மா வம்பு." அவர் நடந்துகொண்டே சொன்னார்: "'வானம் மேலே, தண்ணீர் கீழே, நானும் இங்கே, நீயும் அங்கே.' கேட்டீங்களா? இது பாட்டா? கவாத்து! அடுத்த வரியில 'திரும்பி நில்'லுன்னு வந்துடுமோன்னு எனக்கே பயமா இருக்கு."

காதுக்காரிக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள். "வேற சந்தம், வேற மீட்டர்ல எழுதிப் பாருங்களேன் சார். எண்ணிப் போட்டுக்கலாமே."

"எண்ணினா வாய்ப்பாடுதான் வரும்." அவர் நின்றார். "மீட்டர் நான் போடறது இல்லம்மா. அது எனக்கு முன்னாலேயே கீழ ஓடிட்டிருக்கும். நான் வார்த்தையை மேல உட்கார வைப்பேன், அவ்வளவுதான் என் வேலை. இருபத்துமூணு வருஷம் அப்படித்தான் வச்சேன். இப்ப உட்கார வைக்கப் போனா, நாற்காலியை யாரோ இழுத்துட்டாங்க." சக்கர நாற்காலியில் வந்து உட்கார்ந்து காலைக் கழற்றிப் பையில் வைத்தார். "நல்ல கால். வேற யாருக்காவது ஆகும். நான் இதுலயே இருந்துக்கறேன். பாட்டையும் விட்டாச்சு."

கடைசி வார்த்தையைத் தண்ணீர் குடிப்பதுபோலச் சுலபமாகச் சொன்னார். மனைவியால் அப்படிக் கேட்க முடியவில்லை.

"லாரி மோதி ஆஸ்பத்திரியில கிடந்தப்பகூட, கண்ணு முழிச்சதும் இவரு கேட்டது பென்சிலைத்தான். காலைக் கேட்கலை. இப்ப அந்தப் பென்சிலை என்கிட்ட குடுத்து, மளிகை லிஸ்ட் எழுதிக்கோன்னுட்டாரு." குரல் உடைந்தது. உடைந்த குரலிலேயே சண்டையும் போட்டார். "நீங்க ஏதாவது பண்ணுங்கம்மா. எனக்கு இவரு வீட்ல நடக்கணும். வாய்க்குள்ள முணுமுணுத்துக்கிட்டு, சமைக்கற என்னை இடிச்சுக்கிட்டு நடக்கணும். இப்படி ஒரு மூலையில சமத்தா உட்கார்ந்திருக்கற ஆளு எனக்கு வேணாம்."

காதுக்காரி அப்போது சொன்னதற்கு இரக்கம் மட்டும் காரணம் என்று சொன்னால் பொய். வீம்பும் இருந்தது. இந்த மனுஷன் முன்னாலும் சுமாராகத்தான் எழுதியிருப்பார், பழியைத் தூக்கி என் கால்மேல் போடுகிறார் என்று அவளுக்கு ஓர் எண்ணம்.

"எனக்கு ரெண்டு நாள் குடுங்க. பழைய பாட்டு நோட்டு இருந்தா அதையும் குடுங்க."

மனைவியின் தோள்பையிலேயே மூன்று நோட்டுகள் இருந்தன. இவர் எங்கே அவற்றைப் பழைய பேப்பரோடு போட்டுவிடுவாரோ என்ற பயத்தில், போகிற இடமெல்லாம் தூக்கிக்கொண்டு அலைந்திருக்கிறார்.

அன்று மதியமே சாப்பாட்டு மேஜையில் முதல் நோட்டைப் பிரித்தாள். குறை கண்டுபிடிக்கிற உற்சாகத்தோடுதான் பிரித்தாள்.

காற்று தூங்குது, வீடு பேசுது,
நேற்று வந்தது யாரு, கேட்குது.

சோற்று உருண்டையைக் கையில் பிடித்தபடி இன்னொரு தரம் படித்தாள். ஆளில்லாத வீடு தானாக வாய் திறந்து, நேற்று யார் வந்தது என்று கேட்கிறது. இந்த மனுஷனா வானம் மேலே, தண்ணீர் கீழே? வீம்பு அங்கேயே பாதி இறங்கிவிட்டது. இடது கை விரல் அவளைக் கேட்காமலே டிபன் டப்பாவின் மூடியில் தட்ட ஆரம்பித்தது. தகிட தகதிமி, தகிட தகதிமி. மூன்றும் நாலும். அடுத்த பாட்டையும் தட்டிப் பார்த்தாள். அதுவும் மூன்றும் நாலும்தான். குழந்தைக்கு எழுதியது, செத்தவருக்கு எழுதியது, எவனோ சோப்பு விற்பதற்கு எழுதிக் கொடுத்தது எல்லாம் அதே கணக்கு. மூன்றாவது நோட்டின் கடைசிப் பக்கங்களில், கால் வந்த பிறகு எழுதியவற்றில் மட்டும் நாலும் நாலும். தகதிமி தகதிமி. அந்த நாலு மாதத்து வரிகளை அவரே பட்டை பட்டையாக அடித்திருந்தார்.

சரி, லாரி அடித்ததில் ஆளுக்கு ருசி மாறிவிட்டது போலிருக்கிறது என்று மூடி வைத்தாள். ஆனால் மனம் ஒப்பவில்லை.

அதற்கு விடை அவள் வீட்டுச் சமையலறையில், ஒரு கரப்பான்பூச்சியின் புண்ணியத்தில் கிடைத்தது.

சாயங்காலம் ஏழு மணி. பஸ் ஓட்டிவிட்டு வந்த கணவன் அடுப்புக்கடியில் கரப்பானைக் கண்டு, கைக்கு அகப்பட்டதை எடுத்துக்கொண்டு குனிந்திருந்தான். அகப்பட்டது இவள் கழற்றி வைத்திருந்த வீட்டுச் செருப்பில் வலது கால் செருப்பு. இவள் நோட்டைப் படித்துக்கொண்டே வந்தவள், இருந்த ஒற்றைச் செருப்பில் இடது காலை நுழைத்துக்கொண்டு சமையலறைக்குள்ளேயே நடந்தாள். வாய்விட்டுப் படித்துக்கொண்டு நடந்தாள். மதியம் பட்டறையிலும் ஒருதரம் இப்படி நடந்து பார்த்திருந்தாள். அப்போது கால் ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம் இழுத்தது. இப்போது இழுக்கவில்லை.

வெறும் வலது கால் பட்டென்று விழுந்து சட்டென்று எழுந்தது. செருப்புப் போட்ட இடது கால் நிதானமாக ஊன்றியது. காற்று, தூங்குது. வீடு, பேசுது. வலது மூன்று, இடது நாலு.

நின்றுவிட்டாள்.

"என்னடி, ஒத்தைச் செருப்போட ஊர்வலம்?" என்றான் கணவன், அடுப்புக்கடியிலிருந்து.

"செருப்பைத் தராதீங்க. நீங்களே வச்சுக்கோங்க" என்று சொல்லிவிட்டு மறுபடி நடந்தாள். சுவர்வரை போய்த் திரும்பினாள். ஒவ்வொரு வரியும் வந்து அதனதன் இடத்தில் உட்கார்ந்தது. நோட்டைப் புரட்டி வேறு பாட்டு எடுத்தாள். அதுவும் உட்கார்ந்தது. இந்த நோட்டு மூன்றையும் எழுதிய ஆளுக்கு வலது கால் குட்டை. பிறவியிலிருந்தே ஒரு விரல் கனமாவது குட்டை.

அளவெடுத்த நாள் நினைவுக்கு வந்தது. இருந்த இடது காலை டேப் வைத்து மூன்று தடவை அளந்தாள். அதே அளவுக்கு வலது காலைச் செய்தாள். எல்லாரும் அப்படித்தான் செய்கிறார்கள். போன காலை யார் அளந்து வைத்திருக்கிறார்கள்? ஆஸ்பத்திரியில் எடுத்துவிட்டார்கள், முடிந்தது. அவரும் சொல்லவில்லை. அவருக்கே தெரிந்திருக்காது. நொண்டுவது வெளியே தெரிகிற அளவுக்கு இல்லாமல், ஆனால் வாழ்நாள் முழுக்க உடம்பு அதன்மேலேயே ஆடிப் பழகுகிற அளவுக்கு ஒரு வித்தியாசம். அதை இவள் தன் கெட்டிக்காரத்தனத்தால், மயிரிழை பிசகாமல், துடைத்து எடுத்திருக்கிறாள்.

காதுக்காரி சமையலறைத் தரையில் அப்படியே உட்கார்ந்தாள். வெட்கமாக இருந்தது. நாலு மாதமாக ஒரு மனுஷன் தன் வீட்டுப் பதினோரு அடியில் அடுத்தவன் கால் போட்டு நடந்திருக்கிறார். அதைத் தன் நல்ல வேலை என்று இவள் மெச்சிக்கொண்டிருக்கிறாள்.

கொஞ்ச நேரம்தான் உட்கார்ந்திருந்தாள். பிறகு எழுந்து பாட்டுக்காரரின் மனைவிக்குப் போன் போட்டாள்.

"அக்கா, ஒண்ணு கேட்கணும். விபத்துக்கு முன்னால சாரோட பேன்ட் எப்படித் தேயும்?"

அந்தப் பக்கம் ஒரு பெருமூச்சு. "அதை ஏம்மா கேட்கறே! எந்த பேன்டைப் பார்த்தாலும் வலது காலு மட்டும் தரையில கூட்டிப் பெருக்கும். குதிகால் பக்கம் நூல் நூலா வந்துடும். சரியா வெட்டத் தெரியலைன்னு மூணு டெய்லரை மாத்தினேன். ஒருத்தன்கிட்ட பெரிய சண்டையே போட்டேன்."

"அந்த டெய்லர்கிட்ட மன்னிப்பு கேட்டுடுங்க அக்கா. நாளைக்குக் காலையில சாரைக் கூட்டிட்டு வாங்க" என்றாள் காதுக்காரி.

காலின் நீளத்தை மாற்ற டாக்டர் கையெழுத்து வேண்டும். டாக்டர் நல்ல மனுஷர். ஆனால் படிவம் என்று வந்துவிட்டால் உடும்புப் பிடி. படிவத்தில் 'இரு கால்களுக்கும் உள்ள வித்தியாசம்' என்று ஒரு பெட்டி உண்டு. பதினோரு வருஷமாக அதில் பூஜ்யம் போட்டுத்தான் அவளுக்குப் பழக்கம்.

"குட்டையாக்கணுமா? எல்லாரும் சமமாக்கிக் குடுங்கன்னு வருவாங்க. நீ சமமா இருக்கறதைக் கெடுக்கணுங்கறே. என்ன ஆதாரம்?" என்றார்.

"பாட்டு, சார்."

டாக்டர் கண்ணாடியைக் கழற்றினார். "பாட்டைப் பார்த்துக் காலை வெட்டினேன்னு நான் எழுத முடியுமா?"

"எழுத வேணாம். நடங்க. வலது ஷூவை மட்டும் கழட்டுங்க சார்."

அவள் குரலில் இருந்த தெம்பைப் பார்த்து, ஏன் என்று கேட்காமலே கழற்றிவிட்டார். பிறகு கேட்டிருக்கலாமோ என்று தோன்றியிருக்க வேண்டும். அதற்குள் நோட்டு அவர் கையில் இருந்தது. வெளியே பத்து நோயாளிகள் காத்திருக்க, ஒற்றை ஷூவோடு, கதவிலிருந்து எடை பார்க்கும் மெஷின்வரை, "காற்று தூங்குது, வீடு பேசுது" என்று படித்துக்கொண்டு நடந்தார். திரும்பினார். இன்னொரு தரம் நடந்தார். மூன்றாம் தரம் யாரும் சொல்லாமலே நடந்தார்.

"இப்ப ரெண்டு ஷூவும் போட்டுக்கிட்டு இதையே படிச்சு நடங்க."

நாலாவது அடியில் டாக்டருக்கு வாய் குழறியது. போய் உட்கார்ந்து, விபத்தன்று எடுத்த இடுப்புப் படத்தைக் கம்ப்யூட்டரில் தேடி எடுத்தார். அளவுகோலை வைத்து இரண்டு தடவை பார்த்தார். இடுப்பு எலும்பு வலது பக்கம் சாய்ந்துதான் வளர்ந்திருந்தது. உடைந்த எலும்பையே எல்லாரும் பார்த்ததில் இதை ஒருவரும் பார்க்கவில்லை.

"பன்னிரண்டு மில்லிமீட்டர். வெட்டிக்கோ, நடக்கறதைப் பார்த்துட்டுக் கையெழுத்துப் போடறேன்" என்றார். பிறகு, "முதுகு வலி இருந்திருக்குமே, சொல்லலையா?"

"பாட்டு வரலைன்னுதான் சொன்னாரு. நமக்குத்தான் புரியலை" என்றாள் காதுக்காரி.

செயற்கைக் காலின் குழாயைக் கழற்றி, குறித்து, ரம்பத்தில் வைத்துப் பன்னிரண்டு மில்லிமீட்டர் வெட்டினாள். வெட்டிய வளையம் மோதிரம்போல மேஜையில் விழுந்து உருண்டது. கை பழக்கத்தில் வெட்டிவிட்டது. ஆனால் காது பயந்தது. இத்தனை வருஷம் எது தப்பு என்று திருத்தினாளோ அதைத் தன் கையாலேயே செய்கிறாள். காலை மாட்டிவிட்டாள். பாட்டுக்காரரிடம் எதையும் விளக்கவில்லை.

"சும்மா நடங்க சார். எத்தனை அடின்னு நீங்களே பார்த்துக்கோங்க."

மனைவி சுவரோரம் நின்றார். டாக்டரும் படிவத்தோடு வந்து கதவில் சாய்ந்துகொண்டார். காதுக்காரி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள்.

முதல் இரண்டு அடி தயங்கி விழுந்தது. மூன்றாவது அடியில் அவர் "அட" என்றார். டக், டக்... டக், டக்... வலது சுருக்காக, இடது நின்று நிதானமாக. எந்த ஆளிடம் இந்தச் சத்தத்தைக் கேட்டிருந்தாலும் நேற்றுவரை அவள் கை ஆலன் கீக்குப் போயிருக்கும். இன்றும் போனது. போன கையைச் சேலையில் முடிந்துகொள்ளாத குறையாக இழுத்துப் பிடித்துக்கொண்டாள். கேட்கக் கேட்க அது நொண்டல் இல்லை என்று தெரிந்தது. மூன்றும் நாலும் மாறி மாறி, ஒரு தடவைகூட இடம் தவறாமல் விழுந்தது. நேற்று நாலும் நாலும் விழுந்தபோது இருந்த சுத்தத்துக்கு இது கொஞ்சமும் குறையவில்லை. சொல்லப்போனால் அன்று நடந்தது கால் மட்டும். இன்று ஓர் ஆள் நடந்தார்.

பதினோரு அடி போனார். கம்பி அதற்கு மேலும் நீண்டது. ஆனால் அங்கேயே திரும்பினார், தன் வீட்டு அடுப்படி அங்கே முடிந்துவிட்டதுபோல. வந்தார். மறுபடி போனார்.

"வலிக்குதா சார்?" என்றாள் காதுக்காரி, சுவரைப் பார்த்தபடியே.

காலடிச் சத்தம் விலகிப் போய்த் திரும்பி வந்தது.

"சார்? சாக்கெட் எப்படி இருக்கு?"

"ஷ்ஷ்" என்றார் மனைவி. கண்ணில் தண்ணீர் கொட்டிக்கொண்டிருக்க, வாயில் விரலை வைத்து டாக்டர் உள்பட எல்லாரையும் அதட்டினார். "யாரும் பேசாதீங்க. எழுதறாரு."

காதுக்காரி திரும்பிப் பார்த்தாள். அவர் இரண்டு கம்பியையும் விட்டிருந்தார். கண் எங்கோ பார்த்தது, உதடு மட்டும் அசைந்தது. ஏழாவது முறையோ எட்டாவது முறையோ வரும்போது முணுமுணுப்பு சத்தமானது.

"நாளை என்பது வாசலேறுது..."

மனைவி கைப்பையைத் துழாவினார். மளிகை லிஸ்ட் எழுதிய அந்தக் குட்டைப் பென்சில் கிடைத்தது, காகிதம் கிடைக்கவில்லை. நோட்டுகள் டாக்டர் அறையிலேயே இருந்தன. "காகிதம், காகிதம்!" என்று காற்றில் கையை நீட்டினார். டாக்டர் தன் கையில் இருந்ததைக் கொடுத்தார். அது அளவுப் படிவம். வித்தியாசம் என்ற பெட்டியில் காதுக்காரி ஏற்கனவே பன்னிரண்டு என்று போட்டிருந்தாள். அதற்குக் கீழே காரணம் என்று இருந்த பெட்டிதான் காலியாக இருந்தது. மனைவி வேறெங்கும் பார்க்காமல் அதிலேயே அந்த வரியை எழுதினார்.

மனைவி எழுதி முடித்ததும் டாக்டர் படிவத்தை வாங்கி, பெட்டியில் இருந்ததைப் படித்துப் பார்த்துவிட்டு, கீழே கையெழுத்துப் போட்டார்.